வாசகர் கேள்வி - பதில்: நியூயார்க்கின் யூதர் தெருக்கள்

கேள்வி: என் மகளுக்கு நியூயார்க்கில் நர்ஸ் வேலை கிடைத்திருக்கிறது. புரூக்ளினில் பரோ பார்க் என்ற இடத்தில் அறை பார்த்திருக்கிறாள். அது முழுக்க யூதர்கள் வாழும் பகுதி, நம்மவர்கள் கண்ணில் படமாட்டார்கள் என்கிறார்கள். அனுப்பப் பயமாக இருக்கிறது.
(ஒரு தாய், பீனிக்ஸ், டர்பன், தென்னாப்பிரிக்கா)

பதில்: தாராளமாக அனுப்புங்கள் அம்மா. குடும்பமும் குழந்தைகளுமாக நிறைந்த பகுதி அது, தெருவில் எப்போதும் ஆள் நடமாட்டம் இருக்கும். மைமோனிடஸ் என்ற பெரிய மருத்துவமனையும் அங்கேதான். வேலை வேறு இடத்தில் என்றாலும் டி ரயில் பக்கத்திலேயே ஓடுகிறது.

ஆனால் அந்தத் தெருக்களுக்கென்று ஒரு வாரக்கணக்கு உண்டு, அதை முதலிலேயே தெரிந்துகொள்ளட்டும். வெள்ளிக்கிழமை பொழுது சாய்வதற்குச் சற்று முன்பு ஊரே கேட்கும்படி ஒரு சைரன் ஒலிக்கும். யாரும் பதற வேண்டாம், சபாத் என்கிற ஓய்வுநாள் தொடங்கப்போகிறது, விளக்கேற்றுங்கள் என்று சொல்லும் சைரன் அது. அதற்கு முன்பே கடைகள் அடைத்துவிடும், சனிக்கிழமை இருட்டிய பிறகுதான் திறக்கும். டிசம்பரில் அங்கே நாலரை மணிக்கே சூரியன் மறைந்துவிடுகிறது, ஆகவே வெள்ளிக்கிழமை வேலை முடிந்து வந்து ரொட்டி வாங்கிக்கொள்ளலாம் என்று இருந்தால் நடக்காது. ஞாயிற்றுக்கிழமை நேர் எதிர். பதின்மூன்றாவது அவென்யூவில் அன்று கால் வைக்க இடம் இருக்காது.

சனிக்கிழமை அவர்கள் கார் ஓட்டுவதில்லை, போனைத் தொடுவதில்லை, விளக்கைப் போடுவதோ அணைப்பதோ இல்லை. பக்கத்து வீட்டம்மா கதவைத் தட்டி, "எங்கள் வீட்டில் ஒரே இருட்டாக இருக்கிறது" என்று மட்டும் சொல்லிவிட்டு நிற்கலாம். விளக்கைப் போடு என்று வாய்விட்டுக் கேட்க அவர்கள் மதம் இடம் கொடுக்காது, உங்கள் மகள்தான் புரிந்துகொண்டு போய்ப் போட்டுவிட வேண்டும். ஆண்கள் கை குலுக்க மாட்டார்கள், சிலர் முகம் பார்த்துப் பேசவும் மாட்டார்கள். அது அவர்களுடைய கட்டுப்பாடு, அவமதிப்பாக எடுத்துக்கொள்ள வேண்டாம். அப்புறம் சனிக்கிழமை தெருவில் யாரையும் போட்டோ எடுக்க வேண்டாம்.

சாப்பாட்டைப் பற்றி நீங்கள் கேட்கவில்லை, ஆனால் புரட்டாசி விரதம் இருக்கிற வீட்டுப் பெண் என்றால் இதையும் சொல்லி அனுப்புங்கள். கோஷர் என்கிற யூத உணவு முறையில் இறைச்சியும் பாலும் ஒன்றாகச் சேரக் கூடாது, சமைக்கிற பாத்திரம்கூடத் தனித்தனி. ஆகவே பால் உணவுக் கடை என்று போட்டிருந்தால் அங்கே இறைச்சி அறவே கிடையாது. நமக்கு இது பெரிய வசதி. ஆனால் அந்தக் கடையில் மீன் உண்டு. பொட்டலங்களில் "பார்வே" என்று அச்சிட்டிருப்பார்கள், அதற்கு இறைச்சியும் இல்லை, பாலும் இல்லை என்றுதான் பொருள். முட்டையும் மீனும் இருக்கலாம். நம்மவர்கள் பலர் அதைச் சைவ முத்திரை என்று எண்ணி வாங்கி, விரதத்தன்று மனம் வருந்துகிறார்கள்.

கேள்வி: கறுப்புக் கோட்டு, கறுப்புத் தொப்பி, காதோரம் சுருள்முடி. படங்களில் பார்க்கும் நியூயார்க் யூதர் எல்லாரும் இப்படித்தான் இருக்கிறார்கள். நிஜத்திலும் அப்படியா?
(ஓய்வுபெற்ற ஆசிரியர், டொங்காட்)

பதில்: இல்லை ஐயா. நியூயார்க் நகரத்தில் ஏறக்குறைய பத்து லட்சம் யூதர் இருக்கிறார்கள். நீங்கள் சொல்லும் உடை ஹசீதியர் என்கிற பிரிவினருடையது. வில்லியம்ஸ்பர்க், பரோ பார்க், கிரௌன் ஹைட்ஸ் என்ற மூன்று புரூக்ளின் பகுதிகளில் நெருக்கமாக வாழ்கிறார்கள், அதனால் கண்ணில் படுகிறார்கள். மற்றவர்களில் பெரும்பாலானோரை ரயிலில் பக்கத்தில் உட்கார்ந்து வந்தாலும் அடையாளம் தெரியாது.

அவர்களுக்குள்ளேயே எத்தனை ஊர், எத்தனை மொழி! புரூக்ளினில் ஓஷன் பார்க்வே என்ற அகன்ற சாலையை ஒட்டி இருப்பவர்கள் சிரியாவின் அலெப்போ, டமாஸ்கஸ் நகரங்களிலிருந்து வந்த குடும்பங்கள். அவர்கள் வீட்டுச் சமையலும் அரபு நாட்டுச் சமையல், ஜெப ஆலயத்தில் பாடுவதும் அரபு இசையின் மகாம் முறையில். ஒவ்வொரு வாரமும் ஓதப்போகிற தோரா என்ற வேதத்தின் பகுதிக்கு ஏற்ப இந்த வாரம் இந்த மகாம் என்று முறை வைத்திருக்கிறார்கள். தேவாரத்தைப் பண்முறையில் பாடக் கற்ற உங்களைப் போன்றவர்கள் அதைக் கேட்டால் எழுந்து வரமாட்டீர்கள். கடற்கரையோரம் பிரைட்டன் பீச்சில் 1970களிலிருந்து சோவியத் நாட்டு யூதர் வந்து குடியேறி, தலைக்கு மேல் ரயில் தடதடக்கும் அந்தக் கடைத்தெருவில் ரஷ்ய மொழிப் பெயர்ப்பலகைகள்தான். குயின்ஸில் ஃபாரஸ்ட் ஹில்ஸ் பக்கம் 108ஆவது தெருவில் உஸ்பெகிஸ்தானிலிருந்தும் தஜிகிஸ்தானிலிருந்தும் வந்த புகாரா யூதர். மன்ஹாட்டனின் வடகோடியில் வாஷிங்டன் ஹைட்ஸில் ஹிட்லருக்குத் தப்பி வந்த ஜெர்மன் யூதர் இருந்தார்கள். இவர்களில் ஒருவர் பாட்டி பேசிய மொழி இன்னொருவர் பாட்டிக்குப் புரிந்திருக்காது.

கேள்வி: என் தாத்தா டர்பன் நகராட்சியின் இந்தியத் தொழிலாளர் குடியிருப்பான மகஸின் பாரக்ஸில் பிறந்தவர். எங்கள் வீட்டை இடித்து, இந்தியருக்கென்று ஒதுக்கிய சாட்ஸ்வர்த்துக்கு அனுப்பினார்கள். நியூயார்க்கில் யூதர் முதலில் வாழ்ந்த லோயர் ஈஸ்ட் சைடும் இப்போது யூதர் பகுதி இல்லை என்று படித்தேன். அவர்களையும் இப்படித்தான் கிளப்பினார்களா?
(ஒரு வாசகர், சாட்ஸ்வர்த்)

பதில்: முக்கியமான கேள்வி. இல்லை, அவர்களை யாரும் லாரியில் ஏற்றவில்லை. பெரும்பாலும் அவர்களாகவே கிளம்பினார்கள்.

நியூயார்க்குக்கு முதலில் வந்தவர்கள் 1654இல் பிரேசிலின் ரெசிஃபே நகரத்திலிருந்து வந்த 23 யூதர். அப்போது அது டச்சுக்காரர் ஊர். ஆளுநர் ஸ்டைவசன்ட் இவர்களை வைத்துக்கொள்ள விரும்பவில்லை. டச்சுக் கம்பெனி, இருக்கட்டும், ஆனால் அவர்களுடைய ஏழைகளை அவர்களே பார்த்துக்கொள்ள வேண்டும் என்று சொல்லி அனுமதித்தது. பெருங்கூட்டம் வந்ததோ 1880களுக்குப் பிறகு, ரஷ்யப் பேரரசிலிருந்தும் கிழக்கு ஐரோப்பாவிலிருந்தும், வறுமைக்கும் வன்முறைக்கும் தப்பி. 1924இல் அமெரிக்கா கதவைச் சாத்தும்வரை இருபது லட்சம் பேருக்கு மேல் வந்தார்கள். அதில் பெரும்பங்கு லோயர் ஈஸ்ட் சைடில்தான் முதலில் இறங்கியது. 1910 வாக்கில் அந்தச் சில தெருக்களில் மட்டும் ஐந்து லட்சம் யூதர்.

ஆர்ச்சர்ட் தெரு 97ஆம் எண் வீடு இன்று அருங்காட்சியகம். 1863இல் கட்டிய ஐந்து மாடி. 1935இல் பூட்டும்வரை சுமார் 7,000 பேர் அதில் மாறி மாறிக் குடியிருந்திருக்கிறார்கள். சமையலறை, நடு அறை, ஒரு படுக்கை அறை, அவ்வளவுதான் ஒரு குடும்பத்துக்கு, அதற்குள்ளேயே தையல் வேலையும் நடந்தது. வெளியே ஹெஸ்டர் தெரு முழுக்கத் தள்ளுவண்டிக் கடைகள். பெண் பிள்ளைகள் தையல் ஆலைகளுக்குப் போனார்கள். 1911 மார்ச் 25 அன்று டிரையாங்கிள் சட்டை ஆலையில் தீப்பிடித்தபோது வெளியேறும் கதவு பூட்டியிருந்தது. 146 பேர் இறந்தார்கள், பெரும்பாலும் யூத, இத்தாலிய இளம்பெண்கள். அந்தச் சாவுகளுக்குப் பிறகுதான் நியூயார்க்கின் தொழிற்சாலைப் பாதுகாப்புச் சட்டங்கள் கடுமையாயின.

இப்படிப்பட்ட இடத்தில் யார் இருக்க விரும்புவார்? 1903இல் வில்லியம்ஸ்பர்க் பாலம் திறந்தது, பாலம் தாண்டினால் புரூக்ளின். சுரங்க ரயில் நீண்டது, பிராங்ஸ் போனார்கள், அங்கே கிராண்ட் கன்கோர்ஸ் என்ற பெருஞ்சாலையில் லிஃப்ட் வைத்த அடுக்குமாடி வீடுகளில் குடியேறினார்கள். கையில் காசு சேரச் சேர ஒரு ரயில் நிலையம் தள்ளிப் போனார்கள் என்று சொல்லலாம். எல்ட்ரிட்ஜ் தெருவில் 1887இல் திறந்த பெரிய ஜெப ஆலயம் ஆளில்லாமல் பாழடைந்து, இருபது வருட வேலைக்குப் பிறகு 2007இல் புதுப்பித்து முடிந்தது. இன்று அதைச் சுற்றிலும் சீனர் கடைகள்.

ஆனால் அவர்களுக்கும் நமக்கும் ஒரு விஷயம் அப்படியே பொருந்தும். கிழக்கு ஐரோப்பாவில் இருந்த எத்தனையோ சிற்றூர்களுக்கு நியூயார்க்கில் தனித்தனி ஊர்ச்சங்கம் இருந்தது. சந்தா கட்டினால் நோய்க்கு உதவி, வேலை போனால் கடன், இறந்தால் சங்கத்துக்குச் சொந்தமான இடுகாட்டில் ஓர் இடம். மகஸின் பாரக்ஸில் நம் பெரியவர்கள் சாவுக்கும் கல்யாணத்துக்கும் சேர்த்து வைத்த சங்கங்களை நினைத்துப் பாருங்கள். உங்கள் தாத்தாவிடம் அந்தச் சங்கத்தின் கணக்குப் புத்தகம் ஏதாவது இருந்தால் தூக்கிப் போட்டுவிடாதீர்கள் தம்பி. அவர்களுடைய ஊர்ச்சங்கக் குறிப்பேடுகள் இன்று ஆவணக் காப்பகங்களில் இருக்கின்றன. நம்முடையவை யார் வீட்டுப் பரணில் இருக்கின்றன என்று நமக்கே தெரியாது.

கேள்வி: நியூயார்க்கில் விளக்குக் கம்பங்களில் யூதர் ஏதோ கம்பி கட்டியிருக்கிறார்களாமே, எதற்கு?
(பள்ளி மாணவி, ஸ்டேங்கர்)

பதில்: அதற்கு எருவ் என்று பெயர் அம்மா. சபாத் அன்று வீட்டுக்கு வெளியே பொருள் எதையும் சுமக்கக் கூடாது என்பது விதி. சாவிக்கொத்துகூடச் சுமைதான், குழந்தையை வண்டியில் வைத்துத் தள்ளுவதும் சுமைதான். ஒரு பகுதி முழுவதையும் மெல்லிய கம்பியால் வளைத்துவிட்டால் உள்ளே இருப்பதெல்லாம் ஒரே வீட்டு முற்றம் என்று மதச் சட்டம் ஏற்றுக்கொள்கிறது. மன்ஹாட்டனின் பெரும்பகுதியைச் சுற்றி அப்படி ஒரு கம்பி ஓடுகிறது. எங்காவது அறுந்திருக்கிறதா என்று வாரா வாரம் ஆள் போய்ப் பார்த்து, வெள்ளிக்கிழமை மாலைக்குள் எல்லாருக்கும் சொல்லிவிடுவார்கள். அவ்வளவு தூரம் போக வேண்டாம், நம் ஜோஹன்னஸ்பர்கிலும் இருக்கிறது.

இதனால் யாருக்கு நன்மை என்று கேட்டால், முக்கியமாக இளம் தாய்மாருக்கு. கம்பி இல்லாத ஊரில் கைக்குழந்தை வைத்திருப்பவள் சனிக்கிழமை வீட்டைவிட்டு நகர முடியாது.

கேள்வி: எங்களுக்கு நான்கு பேரப்பிள்ளைகள். ஒருவருக்கும் தமிழ் வராது. யூதர் மட்டும் எங்கே போனாலும் மொழியைக் காப்பாற்றினார்கள் என்று கோயில் கூட்டத்தில் ஒருவர் பேசினார். எப்படிக் காப்பாற்றினார்கள்?
(ஒரு பாட்டி, மெர்பேங்க்)

பதில்: அம்மா, அவர் சொன்னது பாதி உண்மை. மற்ற பாதியையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் நமக்கு உதவுவது அதுதான்.

லோயர் ஈஸ்ட் சைடில் வீட்டிலும் தெருவிலும் பேசிய மொழி, கிழக்கு ஐரோப்பிய யூதரின் தாய்மொழியான யித்திஷ். 1897இல் ஃபோர்வர்ட்ஸ் என்ற யித்திஷ் நாளிதழ் தொடங்கியது. ஆப்ரஹாம் கஹான் ஆசிரியராக இருந்த காலத்தில், 1920களில், அது தினம் இரண்டு லட்சம் பிரதிகளுக்கு மேல் விற்றது. 1912இல் ஈஸ்ட் பிராட்வேயில் பத்து மாடிக் கட்டடம் எழுப்பினார்கள், அந்த வட்டாரத்தில் அதைவிட உயரம் எதுவும் இல்லை. அந்தப் பத்திரிகையில் 1906இல் வாசகர் கடிதப் பகுதி ஒன்று ஆரம்பித்தார்கள். ஆலை மேஸ்திரி தொல்லை கொடுக்கிறான் என்று பெண்கள் எழுதினார்கள், பிள்ளைகள் எங்கள் பேச்சைக் கேட்டு வெட்கப்படுகிறார்கள் என்று பெற்றோர் எழுதினார்கள். மனைவியை விட்டு ஓடிப்போன கணவர்களின் படங்களையே வரிசையாகப் போட்டுத் தேடினார்கள்! இவ்வளவு உயிரோடு இருந்த மொழி அது. நாடகக் கொட்டகைகள் இருந்தன, கவிஞர்கள் இருந்தார்கள், பத்திரிகைகள் பல.

அதெல்லாம் இருந்தும் அந்த வாசகர்களின் பேரப்பிள்ளைகள் யித்திஷ் பேசவில்லை. பள்ளிக்கூடம் ஆங்கிலத்தில், வேலை ஆங்கிலத்தில், விளையாட்டு ஆங்கிலத்தில். மொழி பாட்டிக்கும் அம்மாவுக்கும் இடையே ரகசியம் பேச மட்டும் பயன்பட்டது. நாளிதழ் 1983இல் வார இதழாகிவிட்டது, 2019இல் அச்சடிப்பதும் நின்றது. எஞ்சியது இணையத்தில். அந்தப் பத்து மாடிக் கட்டடத்தில் இப்போது விலை உயர்ந்த குடியிருப்புகள். மொழியை உயிராக நேசித்தவர்கள் அவர்கள், நேசத்தில் குறையே இல்லை.

சரி, யித்திஷ் செத்துப்போயிற்றா? இல்லை. பாலத்துக்கு அந்தப் பக்கம் வில்லியம்ஸ்பர்கில் இன்று மூன்று வயதுக் குழந்தை யித்திஷில் சண்டை போடுகிறது. ஹிட்லரின் கொலைக்களங்களில் தப்பிய ரபி (மதகுரு) யோயல் டைட்டல்பாம் 1946இல் நியூயார்க் வந்து, அங்கே சட்மர் என்ற தம் பிரிவு ஹசீதியரைத் திரும்பக் கூட்டினார். பள்ளி அந்த மொழியில். கசாப்புக் கடை, பஸ் அட்டவணை, சுவரொட்டி, கல்யாணப் பேச்சு, ஆம்புலன்ஸ் தொண்டர் பேசுவது எல்லாம் அந்த மொழியில். சனிக்கிழமை வண்டி ஓட்டக் கூடாது என்பதால் ஜெப ஆலயத்துக்கு நடந்து போகும் தூரத்தில்தான் வீடு பார்க்க வேண்டும். அதனால் கூட்டம் சிதறவில்லை. அந்த மொழி தெரியாமல் அந்தத் தெருவில் ஒரு நாளை ஓட்ட முடியாது. அதுதான் காப்பாற்றியது.

ஆனால் அதற்கு அவர்கள் கொடுத்த விலையை நான் கொடுக்கச் சொல்ல மாட்டேன். அங்கே சில ஆண்பிள்ளைப் பள்ளிகளில் ஆங்கிலமும் கணக்கும் பேருக்குத்தான் சொல்லித் தருகிறார்கள் என்று அங்கேயே படித்து வெளியே வந்தவர்கள் புகார் செய்தார்கள். 2022இல் நியூயார்க் மாநிலம் இதற்காக விதி கொண்டுவந்தது, அதை எதிர்த்து வழக்கும் நடந்தது. மொழிக்காக ஒரு குழந்தையின் படிப்பைப் பறிக்கக் கூடாது. அதில் எனக்குச் சந்தேகமே கிடையாது.

அதனால் உங்களுக்குச் சொல்கிறேன்: வாரம் ஒரு மணி நேரத் தமிழ் வகுப்பு மட்டும் போதாது, வகுப்பு வேண்டாம் என்று சொல்லவில்லை, ஆனால் போதாது. பேரப்பிள்ளைகளுக்குத் தமிழில் நடந்தே தீர வேண்டிய ஒரு வேலை வேண்டும். உங்கள் சமையலறையை அப்படி ஆக்குங்கள், அங்கே தமிழில் கேட்டால்தான் ரொட்டியும் கறியும் தட்டில் விழும் என்று வையுங்கள். கோயில் கமிட்டிக் கூட்டத்தில் ஒரு பகுதியையாவது தமிழில் நடத்தச் சொல்லுங்கள், தப்பும் தவறுமாகப் பேசினாலும் யாரும் சிரிக்கக் கூடாது. காவடிக்குப் பிள்ளைகள் ஆங்கில எழுத்தில் எழுதிவைத்துப் பாடுகிறார்கள், அந்த ஏட்டில் கீழ்வரியாகத் தமிழ் எழுத்தையும் சேர்த்து அச்சடிக்க என்ன செலவாகிவிடப் போகிறது? நம் நாட்டு அரசியலமைப்புச் சட்டத்தின் 6ஆம் பிரிவு தமிழைப் பெயர் சொல்லியே மதிக்கச் சொல்கிறது, அதே பிரிவில் வழிபாட்டு மொழி என்று ஹீப்ருவும் இருக்கிறது. சட்டம் தன் வரியை எழுதிவிட்டது. சமையலறை வேலை நம்முடையது.

கேள்வி: யூதரும் ஒதுக்கப்பட்டவர்கள், நாமும் ஒதுக்கப்பட்டவர்கள் என்று இரண்டையும் ஒன்றாகச் சொல்வது சரியா? அவர்கள் வெள்ளையர் பக்கம்தானே இருந்தார்கள்?
(ஒரு வாசகர், ஜோஹன்னஸ்பர்க்)

பதில்: இரண்டும் ஒன்றில்லை, அதைச் சொல்லத் தயங்க வேண்டியதில்லை. 1902இல் கேப் காலனி ஒரு சட்டம் போட்டது: உள்ளே வருகிறவன் ஐரோப்பிய மொழி ஒன்றில் எழுதத் தெரிந்திருக்க வேண்டும். நம்மைத் தடுக்கப் போட்ட சட்டம், யூதரையும் இடித்தது. அவர்கள் போராடி, 1906இல் யித்திஷை ஐரோப்பிய மொழி என்று சட்டத்திலேயே ஏற்க வைத்தார்கள். தமிழுக்கு அந்த வழி இல்லை. 1930இல் கிழக்கு ஐரோப்பிய யூதர் வருகைக்கும் இந்த நாடு கோட்டா வைத்து அடைத்தது என்பது உண்மை. ஆனால் இனவாரியாகக் குடியிருப்புகளைப் பிரித்த 1950இன் குரூப் ஏரியாஸ் சட்டம் வந்தபோது அவர்கள் வீடு பறிபோகவில்லை, நம் வீடு போயிற்று. அதே சமயம், 1910இல் டால்ஸ்டாய் பண்ணைக்காக 1,100 ஏக்கரைக் காந்தியிடம் ஒப்படைத்த அவருடைய நண்பர் கலன்பாக் ஒரு யூதர். சத்தியாக்கிரகிகளான நம் தமிழ்க் குடும்பங்கள் அந்த மண்ணில்தான் தங்கின. இதையும் மறக்கக் கூடாது.

அமெரிக்காவில், யூதருக்கும் கறுப்பருக்கும் விற்கமாட்டோம் என்று பத்திரத்திலேயே எழுதி வைத்த வீடுகள் உண்டு. 1948இல்தான் அப்படிப்பட்ட நிபந்தனைகளை நீதிமன்றம் அமல்படுத்தக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதன் பிறகு யூதருக்குக் கதவுகள் சீக்கிரம் திறந்தன, கறுப்பருக்கு அப்படித் திறக்கவில்லை. கிரௌன் ஹைட்ஸில் கறுப்புக் குடும்பங்கள் வர வர யூதர் பலர் விற்றுவிட்டுப் புறநகருக்குப் போனார்கள். லுபாவிச் என்ற ஹசீதியப் பிரிவின் தலைவரான ரெபே மட்டும் தம் மக்களை, போகாதீர்கள், இருங்கள் என்றார். இருந்தார்கள். ஆனால் பக்கத்தில் வாழ்வதால் மட்டும் பழக்கம் வந்துவிடாது. 1991 ஆகஸ்டில் ரெபேயின் ஊர்வலத்தில் வந்த கார் ஒன்று மோதி ஏழு வயதுக் கறுப்புச் சிறுவன் இறந்தான். சில மணி நேரத்தில் யூத மாணவர் ஒருவர் கத்தியால் குத்தப்பட்டு இறந்தார். மூன்று நாள் கலவரம். 1949 ஜனவரியில் டர்பனில் ஆப்பிரிக்கருக்கும் இந்தியருக்கும் இடையே ஒரு சிறு தகராறில் தொடங்கி 142 உயிர் போனதை வீட்டில் கேட்டு வளர்ந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. கிரௌன் ஹைட்ஸில் பிறகு இரு தரப்புத் தாய்மாரும் பெரியவர்களும் உட்கார்ந்து பேச ஆரம்பித்தார்கள். அதைப் போல நாம், அந்த டர்பன் கலவரம் பரவிய கேட்டோ மேனர் பகுதியைப் பற்றி ஸூலு அண்டை வீட்டாரோடு இன்னும் போதுமான அளவு பேசவில்லை என்பது என் வருத்தம்.

கேள்வி: மூன்றே நாள் நியூயார்க் போகிறேன். இந்த இடங்களில் எதைப் பார்க்கலாம்?
(ஒரு வாசகி, பீட்டர்மாரிட்ஸ்பர்க்)

பதில்: ஆர்ச்சர்ட் தெரு வீட்டுக்கு முன்பதிவு செய்யுங்கள், வழிகாட்டியோடுதான் உள்ளே விடுவார்கள். எல்ட்ரிட்ஜ் ஜெப ஆலயத்துக்குச் சனிக்கிழமை போகாதீர்கள், மூடியிருக்கும். அங்கிருந்து வில்லியம்ஸ்பர்க் பாலத்தை நடந்தே கடந்து செல்லுங்கள். இறங்கி இருபது நிமிடம் தெற்கே நடந்தால் யித்திஷ் காதில் விழும். முழங்கை மறைய உடுத்திக்கொண்டு போங்கள்.

ஒரு நாள் குயின்ஸில் ஃபிளஷிங்குக்கு வையுங்கள். அங்கே பௌன் தெருவில் 1977இல் குடமுழுக்கு நடந்த கணபதி கோயில் இருக்கிறது, அதே வட்டாரத்தில் ஜெப ஆலயமும் உண்டு, சர்ச்சும் உண்டு. 1657லேயே அந்த ஊர்க்காரர்கள் யூதருக்கும் துருக்கியருக்கும்கூடச் சமாதானமும் சுதந்திரமும் உண்டு என்று அந்த ஸ்டைவசன்டுக்கே மனு எழுதிக் கையெழுத்திட்டவர்கள். கோயிலின் கீழ்த்தளத்தில் கேன்டீன், தோசை நன்றாக இருக்கும், வார இறுதியில் வரிசை நீளம், கொஞ்சம் முன்னதாகவே போய்விடுங்கள்.